பிரிசில்லா பார்க்காத கிரகணம்

பொய் சொல்லிக் கைதட்டல் வாங்கிய அனுபவம் உங்களுக்கு உண்டா? எனக்குப் போன வியாழக்கிழமை கிடைத்தது.

பட்டுக்கோட்டைக்குப் பக்கத்தில் ஒரு பள்ளிக்கூடம். அறிவியல் கண்காட்சி. 'வானியல் - அன்று முதல் இன்று வரை' என்று தலைப்புக் கொடுத்துப் பேசக் கூப்பிட்டிருந்தார்கள். ஏற்பாடு செய்தது வேறு யாருமில்லை, அங்கே இயற்பியல் டீச்சராக இருக்கும் என் மருமகள் பிரிசில்லாதான். முன்பு இதே பக்கத்தில் வாராவாரம் வானியல் கதை எழுதினேனே... அது புத்தகமானதிலிருந்து இப்படி அழைப்புகள் வருகின்றன. கல்லூரி லேபில் முப்பது வருஷம் குப்பை கொட்டியவன் நான். மைக் கிடைத்தால் விடுவேனா?

பாபிலோன் களிமண் பலகைகளில் ஆரம்பித்தேன். அந்தக் காலத்தில் மெசபடோமியா ராஜாக்கள் செய்த வேலையைச் சொன்னபோது பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். கிரகணம் எப்போது வரும் என்று கணக்குப் போடத் தெரிந்த ஜோசியர்கள் அரண்மனையிலேயே இருந்தார்கள். ஆனால் கிரகணம் ராஜாவுக்கு ஆகாது என்று பயம்! அதனால் யாரோ ஒரு அப்பாவியைப் பிடித்துச் சிம்மாசனத்தில் உட்கார வைத்துவிட்டு, ராஜா ஒளிந்துகொள்வார். ஆபத்தெல்லாம் அந்த அப்பாவிக்கு.

அப்புறம் நம் ஊர்ப்பக்கம் வந்தேன். கிரகணம் என்பது நிழல் விளையாட்டு என்று ஆயிரத்து ஐந்நூறு வருஷத்துக்கு முன்பே நம் நாட்டில் எழுதி வைத்தார்கள். தமிழ்நாட்டுக் கணிதர்கள் தரையில் சோழிகளைப் பரப்பி, வாய்ப்பாடுகளை மனப்பாடமாகச் சொல்லியே கிரகண நேரத்தைக் கணித்தார்கள். பிறகு டெலஸ்கோப். பிறகு, இந்தியாவில் தெரிந்த ஒரு முழு சூரிய கிரகணத்தின்போது ஹீலியத்தின் முதல் தடயம் கிடைத்த கதை. கடைசியில், சூரியனை ஆராய நாமே அனுப்பிய விண்கலம்.

ஒரு மணி நேரம். எனக்கே என் பேச்சு பிடித்திருந்தது.

கேள்வி நேரத்தில் ஒரு அம்மா எழுந்தார். ஏழாம் வகுப்பு மாணவி ஒருத்தியின் தாயார்.

"ஐயா, அடுத்த மாசம் சந்திர கிரகணம் வருதாமே. என் மூத்த பொண்ணு முழுகாம இருக்கா. வெளியில விடலாமா? புத்தகத்துல இருக்கறத கேக்கலைங்க. உங்க வீட்டுப் பொண்ணா இருந்தா விடுவீங்களா?"

நான் ஒரு வினாடிகூட யோசிக்கவில்லை.

"எங்க வீட்டுல அந்தப் பயமெல்லாம் கிடையாதும்மா. தாராளமா வெளியில வந்து பாக்கச் சொல்லுங்க. பிள்ளைக்கு ஒண்ணும் ஆகாது."

பலத்த கைதட்டல். பின்வரிசையில் நின்றிருந்த பிரிசில்லாவும் தட்டினாள். மெதுவாக.

திரும்பும்போது காரை அவள்தான் ஓட்டினாள். அறுவடை நேரம். சாலையின் பாதியை அடைத்து நெல் காயப் போட்டிருந்தார்கள். அவள் கவனமாக ஒதுங்கி ஒதுங்கி ஓட்டினாள். என் மனசு 2019 டிசம்பர் 26-க்குப் போய்விட்டிருந்தது.

அன்று காலை சூரியன் வளையமாகத் தெரிந்ததே, ஞாபகம் இருக்கிறதா? நாங்கள் இருக்கும் தஞ்சாவூரில் முழு வளையம் கிடையாது. ஆனால் புதுக்கோட்டைப் பக்கம் போனால் தெரியும்.

பிரிசில்லா எம்.எஸ்ஸி. இயற்பியல். எங்கள் வீட்டுக்கு மருமகளாக வந்து ஒரு வருஷம்தான் ஆகியிருந்தது. ஆறு மாத கர்ப்பிணி. என் மகன் சிங்கப்பூரில் வேலையில் இருந்தான். அவளுடைய அப்பா ஆசீர்வாதம் சீர்காழியில் மோட்டார் காயில் கட்டும் கடை வைத்திருந்தார். பம்புசெட் மோட்டார் புகைந்துபோனால் அந்தச் சுற்றுவட்டாரமே அவரிடம்தான் ஓடும். எட்டாவதுக்கு மேல் படிக்காத மனுஷர். ஆனால் மகள் படித்ததையெல்லாம் கூடவே கேட்டுக் கேட்டு, வானத்தின் மேல் பைத்தியமாகிவிட்டார். அந்த வளையத்தை இரண்டு பேரும் சேர்ந்து பார்ப்பது என்று ஒரு வருஷமாகத் திட்டம். கிரகணக் கண்ணாடி வாங்கிவைத்தவளும் பிரிசில்லாதான். எனக்கும் சேர்த்து.

கிறிஸ்துமஸை முடித்துவிட்டு ஆசீர்வாதம் விடியற்காலையிலேயே எங்கள் வீட்டு வாசலுக்கு வந்துவிட்டார். கையில் கேக் டப்பா. நான் கார் சாவியை எடுத்தேன். பிரிசில்லா செருப்பை மாட்டினாள்.

அப்போதுதான் என் மனைவி சரோஜா வந்து கதவை மறித்தாள்.

"அவ வரமாட்டாங்க. நீங்க ரெண்டு பேரும் போயிட்டு வாங்க."

நான் அவளைத் தனியாக உள்ளே அழைத்துப்போய், "என்ன சரோஜா இது..." என்று ஆரம்பித்தேன்.

"உங்க புத்தகத்துல எல்லாம் கரெக்டாத்தாங்க இருக்கும். ஆனா ஒருவேளை... ஒருவேளை ஏதாவது ஆச்சுன்னா? அதுக்கு நீங்க பொறுப்பு எடுத்துப்பீங்களா? இன்னொரு தடவை என்னால முடியாதுங்க."

இன்னொரு தடவை. அந்தச் சொல்லுக்கு முன்னால் என் வானியல் வரலாறு முழுவதும் வாயை மூடிக்கொண்டது.

இதுவரை நான் இந்தப் பக்கத்தில் எழுதாத விஷயம். 1980 பிப்ரவரியில் ஒரு பெரிய சூரிய கிரகணம். நாங்கள் அப்போது மாடி போர்ஷனில் குடியிருந்தோம். சரோஜாவுக்கு ஏழாம் மாதம். அட்டையில் ஓட்டை போட்டு, சூரியனின் பிம்பத்தை என் வெள்ளை வேட்டியில் விழவைத்து, "வந்து பாரு, வந்து பாரு" என்று அவளை மொட்டை மாடிக்குக் கூப்பிட்டவன் நான்தான். பிறை மாதிரி விழுந்த வெளிச்சத்தை உள்ளங்கையில் பிடித்துக்கொண்டு அவள் சிரித்தாள்.

ஏப்ரலில் குழந்தை பிறந்தது. பெண். அழவில்லை.

தொப்புள்கொடி கழுத்தில் சுற்றியிருந்தது என்று டாக்டர் என்னிடம் தனியாகச் சொன்னார். வீட்டிலோ, "கிரகணத்தன்னைக்குக் கொண்டுபோய் மாடியில நிக்க வச்சான்ல..." என்று என் அம்மா சொல்லிவிட்டார். நான் பதில் சொல்லவில்லை. அந்தப் பேச்சை எடுத்தால் சரோஜா அழுவாள் என்று விட்டேன். அடுத்த மாதம் சொல்லலாம், அடுத்த வருஷம் சொல்லலாம்... பிறகு மகன் பிறந்தான். இனி எதற்கு என்று விட்டேன்.

ஆகவே அந்த டிசம்பர் காலையில் நான் என்ன செய்தேன்? ஹாலுக்கு வந்து, மருமகளின் முகத்தைப் பார்க்காமல், "அத்தை பயப்படறாம்மா... இந்த ஒரு தடவை..." என்றேன்.

பிரிசில்லா செருப்பைக் கழற்றினாள். ஆசீர்வாதம் பெண்ணைக் கொடுத்த வீட்டில் என்ன பேசுவார்? கேக் டப்பாவை மேஜையில் வைத்துவிட்டு என்னோடு காரில் ஏறினார்.

ஒரு கல்லூரி மைதானத்தில் நின்றோம். ஒன்பதரை மணி வாக்கில் வளையம் முழுசாகச் சேர்ந்தது. சுற்றிலும் ஒரே ஆரவாரம், விசில். ஆசீர்வாதம் கண்ணாடியை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, மறு கையில் போனைக் காதோடு வைத்துப் பேசிக்கொண்டே இருந்தார்.

"நடுவுல கன்னங்கரேல்னு இருக்கு பிள்ள. சுத்திலும் வளையம். புதுச் செம்புக் கம்பிய காயில்ல சுத்துனா பளபளன்னு இருக்கும்ல... அப்படி இருக்கு. இப்ப வலது பக்கம் கொஞ்சம் தடிப்பா இருக்கு... கேக்குதா?"

"கேக்குதுப்பா. பேசிக்கிட்டே இருங்க."

எங்கள் வீட்டில் ஜன்னலில் போர்வை கட்டிய அறைக்குள் உட்கார்ந்திருந்தவளின் குரல் எனக்கே கேட்டது. மூன்று நிமிஷம்தான். வளையம் உடைந்தது. அவர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "வெளிச்சம் கூசுது சார்" என்றார்.

அதோடு நிறுத்தினேனா? அந்த வாரமே இந்தப் பக்கத்தில் எழுதினேன். 'ஜன்னலைத் திறங்கள், வெளியே வாருங்கள், எத்தனை நூற்றாண்டுக்கு இந்தப் பயம்?' என்று. உங்களில் பலர் பாராட்டிக் கடிதம் போட்டீர்கள். பிரிசில்லாவும் படித்தாள். பத்திரிகையை மடித்து டீப்பாயில் வைத்துவிட்டு, "நல்லா இருக்கு மாமா" என்றாள்.

பேத்தி நல்லபடியாகப் பிறந்தாள். ஆசீர்வாதம் 2021-இல், கொரோனா இரண்டாம் அலையில் போய்விட்டார். இனி நம் பக்கத்தில் வளையம் தெரியப்போவது 2031-இல் என்கிறார்கள். வேதாரண்யத்துக்குப் போனால் போதுமாம். யாரோடு போய்ப் பார்ப்பாள்?

இதெல்லாம் மனசில் ஓட, ஒரத்தநாடு தாண்டியதும் நானே பேச்சை எடுத்தேன்.

"பிரிசில்லா... அந்தம்மாகிட்ட நான் பொய் சொல்லிட்டேன்."

"தெரியும் மாமா."

"அன்னைக்கு நீ ஒரு வார்த்தை சண்டை போட்டிருக்கலாமேம்மா? நான் படிச்சவ, எனக்குத் தெரியும்னு சொல்லியிருக்கலாமே?"

அவள் சாலையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்: "நீங்க சொல்லுவீங்கன்னு நெனச்சேன் மாமா. கல்யாணத்துக்கு முந்தியே உங்க கட்டுரையெல்லாம் அப்பாவுக்கு நான்தான் படிச்சுக் காட்டுவேன். செருப்பக் கழட்டற வரைக்கும் உங்களையேதான் பாத்துக்கிட்டு இருந்தேன்."

வேறு வழியில்லாமல் 1980 கதையைச் சொன்னேன். எனக்காகச் சமாதானம் சொல்ல அல்ல... சரி, கொஞ்சம் அதற்காகவும்தான். டாக்டர் சொன்னதைச் சொன்னபோது அவள் காரை ஓரமாக நிறுத்திவிட்டாள்.

"இத அத்தைகிட்ட சொல்லியிருக்கீங்களா?"

"இல்ல."

"அப்ப... வெளியில வந்து பாத்ததாலதான் பிள்ளை போச்சுன்னு அத்தை இவ்வளவு வருஷமா நெனச்சுக்கிட்டு இருக்காங்களா?"

"ஆமாம்மா."

"நான் அவங்க மேல எவ்வளவு கோவமா இருந்தேன் தெரியுமா மாமா? அப்பா செத்தப்பகூட, அவரோட சேந்து அந்த வளையத்தப் பாக்காமப் போனது இவங்களாலதானேன்னு நெனச்சேன்."

பக்கத்தில் ஒரு கொள்முதல் நிலையத்தில் நெல் மூட்டைகளை லாரியில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். லாரி கிளம்பும்வரை அதையே பார்த்தாள். பிறகு வண்டியை எடுத்தாள்.

"அந்தம்மாகிட்ட நாளைக்கு நானே பேசறேன்" என்றாள்.

"என்னன்னு?"

"தாராளமா பாக்கலாம்னுதான். ஆனா எங்க வீட்டுலயும் பயந்துதான் போனோம்னும் சொல்லுவேன். அப்பதான் நம்புவாங்க."

வானியல் வரலாற்றை நாம் எல்லோரும் ஒரே மாதிரிதான் சொல்கிறோம், கவனித்தீர்களா? முன்னே அறியாமை, பின்னே அறிவு... இருட்டு போய் வெளிச்சம் வந்தது என்று. அப்படி வரிசையாக எதுவும் நடக்கவில்லை. நிமிஷ சுத்தமாகக் கணக்குப் போட்டவனும் அன்றிரவு பயந்துதான் படுத்திருப்பான். கணக்கு வந்ததும் பயம் போய்விடாது. பக்கத்தில் உட்கார்ந்து யாராவது பேச வேண்டும். நான் லட்சம் பேருக்கு எழுதினேன். ஒருத்தியிடம் பேசவில்லை.

வீட்டுக்கு வந்தோம். பேத்தி எதிர்வீட்டில் விளையாடிக்கொண்டிருந்தாள். சரோஜா சாப்பாட்டு மேஜையில் முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். நான் சட்டையைக்கூட மாற்றவில்லை. எதிரில் உட்கார்ந்து சொன்னேன். கிரகணம் காரணமில்லை. கொடி சுற்றியிருந்தது. மாடிக்கு வராமல் இருந்திருந்தாலும் அதுதான் நடந்திருக்கும்.

அவள் கை நிற்கவில்லை. கீரையை உருவிக்கொண்டே இருந்தாள்.

"டாக்டர் எப்ப சொன்னாரு?"

"அன்னைக்கே."

தலையாட்டினாள். அவ்வளவுதான். கத்தியிருந்தால் தேவலை என்று இருந்தது. என்னால் அங்கே உட்கார முடியவில்லை. எழுந்து ஹாலுக்கு வந்துவிட்டேன்.

பிரிசில்லா நான் எழுந்த நாற்காலியில் போய் உட்கார்ந்தாள். ஒரு கொத்துக் கீரையை எடுத்து அவளும் உருவ ஆரம்பித்தாள். கொஞ்ச நேரம் கழித்து அவள் கேட்டது ஹாலில் என் காதில் விழுந்தது.

"அத்தை... அந்தப் பாப்பாவுக்குப் பேர் வச்சிருந்தீங்களா?"

சரோஜாவின் கை அப்போதுதான் நின்றது.

"வச்சிருந்தேன்மா, மனசுக்குள்ள. மங்கைன்னு. யாரும்தான் கேக்கல."

யாரும் என்றால்... நான்.