ஆத்தாளின் இடது கன்னம்

சமஸ்தானம் போய் இந்தியாவோடு சேர்ந்த 1948-ஆம் வருஷம், பெரியண்ணனுக்குக் கிடைத்த முதல் வேலை அழிக்கிற வேலைதான். பழைய பலகைகளில் ‘சமஸ்தானம்’ என்று இருந்ததைச் சுரண்டிவிட்டுப் புதுப் பெயின்ட் அடித்து எழுத வேண்டும். இலுப்பூருக்குப் பக்கத்துச் சிற்றூரில் கடலை போடுகிற குடும்பம் அவர்களுடையது. படம் எழுதுவது அந்த வம்சத்தில் யாருக்கும் பிடிக்காத கிறுக்கு. ஆனாலும் பிள்ளைக்குக் கை ஓடியது. பலகையில் ஆரம்பித்து, திருமயம் பக்கத்துப் பெரிய வீடுகளில் செத்துப்போனவர்களைப் படமாக எழுதி, பத்து வருஷத்தில் கோயில்களுக்குச் சுதை உருவம் செய்கிற அளவுக்கு வந்துவிட்டார்.

சுதை என்றால் செங்கல்லும் கம்பியும் வைத்து உடம்பு கட்டி, மேலே சுண்ணாம்புச் சாந்து பூசிச் செய்கிற உருவம். வம்சாவளி ஸ்தபதிகள் நூல் பிடித்து அளவு பார்ப்பார்கள். பெரியண்ணனுக்கு அந்தச் சாஸ்திரமெல்லாம் தெரியாது. கண்ணில் பட்ட மனுஷனைச் செய்துவிடுவார். காவல் சாமிக்குச் சந்தையில் மாடு பிடிக்கிறவனின் கழுத்து வந்துவிடும். ஊரார் முதலில் முணுமுணுத்தார்கள், பிறகு அதைப் பார்ப்பதற்கென்றே வந்தார்கள். அறுபதுகளில் பட்டணத்து ஆட்கள் கேமராவோடு வந்து நின்றதெல்லாம் பிற்பாட்டுக் கதை.

வீட்டுக்குப் பின்னால் தனக்கென்றும் சில உருவங்கள் செய்து வைத்திருந்தார். கண்ணும் மூக்கும் இல்லாத பெரிய மண் தலைகள். அவர் மனைவி பொன்னுத்தாய் அவற்றின் மேல் சுரைக்கொடியைப் படரவிட்டிருந்தாள். கலையை அவ்வளவு உபயோகமாக ஆக்கியவர்கள் உலகத்தில் அதிகம் இருக்க மாட்டார்கள்.

1958 பங்குனியில், ஆறு வயது மகள் பிரகதாம்பாளுக்கு அம்மை போட்டது. பெரியண்ணன் அப்போது கட்டுமாவடியில் படகுகளுக்கு வர்ணம் அடித்துக்கொண்டிருந்தார். தகவல் கிடைத்துப் பஸ் மாறி மாறி வந்து சேர்ந்தபோது வாசலில் வேப்பிலை செருகியிருந்தது. வெளியூர்த் தூசியோடு வருகிறவன் அம்மை போட்ட வீட்டுக்குள் நுழையக் கூடாது என்று பங்காளிகள் மறித்துவிட்டார்கள். பெற்ற தகப்பன் இரண்டு நாள் மாட்டுக் கொட்டகையில் உட்கார்ந்திருந்தார். மூன்றாம் நாள் காலையில் உள்ளே விட்டார்கள். அதற்குள் பிள்ளை போய்விட்டது.

அம்மையில் போன பிள்ளைக்கு அழக் கூடாது. ஆத்தாளே வந்து கூட்டிப்போனதாக நம்பிக்கை. அழுதால் கோபித்துக்கொண்டு அடுத்த வீட்டுக்கும் வருவாளாம். கொட்டு கிடையாது, ஒப்பாரி கிடையாது. பொன்னுத்தாய் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு நின்றாள். பெரியண்ணனுக்கு அந்தச் சிரமமும் இல்லை, அவருக்கு எதுவுமே வரவில்லை. பிள்ளையை ஏந்திக்கொண்டு நடந்தபோது அவர் கண் தன்பாட்டுக்கு அளவெடுத்தது. இடது கன்னத்தில் மட்டும் அம்மை முத்து பெரிது பெரிதாக இருந்தது. கண்ணுக்குக் கீழே மூன்று, வாயோரம் ஒன்று. தன் கண்ணை அன்றைக்கு அவர் வெறுத்தார்.

அதற்கப்புறம் ஒரு வருஷம் மரத்துப்போன ஆளாகவே இருந்தார். கூப்பிட்டால் வேலைக்குப் போவார். தட்டு வைத்தால் சாப்பிடுவார். குழம்பில் உப்பில்லை என்று ஒரு நாளும் சொன்னதில்லை. மகள் முகத்தை நினைத்துப் பார்த்தாலும் வரவில்லை. ஊரில் உள்ள அத்தனை முகமும் வந்தது, அது மட்டும் வரவில்லை.

மறு வருஷம் ஊர் மாரியம்மன் கோயிலைப் புதுப்பித்தார்கள். கருவறைக்கு மேல் விமானத்தில் அம்மன் உருவம் வைக்க வேண்டும். தர்மகர்த்தா ஆத்மநாதன் தயங்கித் தயங்கிக் கேட்டார். “செய்யிறேங்க,” என்று ஒரே வார்த்தையில் முடித்தார் பெரியண்ணன்.

சாந்து அரைத்துக் கொடுப்பது எப்போதும் பொன்னுத்தாய்தான். அரைத்துக்கொண்டே கேட்டாள்: “அவளுக்கா செய்யப் போறீங்க?”

“வேலைதானே புள்ள.”

அவள் அரைத்த சாந்தை வழித்துச் சட்டியில் போட்டாள். சாரத்தைச் சுற்றி ஓலைத் தட்டி கட்டியிருந்ததால், மேலே நடப்பது கீழே இருப்பவர்களுக்குத் தெரியாது.

முகம் ஐந்தாம் நாள் முடிந்தது. சாந்து ஈரமாக இருக்கும்போதே பெரியண்ணன் பிரஷ்ஷின் பின்முனையால் இடது கன்னத்தில் நான்கு பள்ளம் வைத்தார். ஆத்தாள் மேல் இருந்த கோபமா என்று பிற்பாடு பலர் கேட்டார்கள். கை வைத்தது, அவ்வளவுதான். ஆனால் வைத்த மாத்திரத்தில் மகளின் முகம் முழுசாக நினைவுக்கு வந்துவிட்டது. அந்தப் பள்ளங்கள் போனால் பிள்ளை மறுபடியும் போய்விடும் என்று பயந்தார்.

கும்பாபிஷேகத்துக்கு இருபது நாள் இருக்கும்போது தட்டியைப் பிரித்தார்கள்.

“என்னப்பா, சாந்து சரியாப் பிடிக்கலையா? கன்னத்துல குழி குழியா இருக்கு?” என்றார் ஆத்மநாதன்.

ஆமாங்க என்று சொல்லியிருந்தால் பிரச்சினையில்லாமல் முடிந்திருக்கும். “இல்லீங்க, நான் வச்சதுதான்,” என்றார் பெரியண்ணன்.

கூட்டம் கொதித்தது. ஆத்மநாதன் கெட்டவர் இல்லை. கிட்டே வந்து குரலைத் தாழ்த்தித்தான் சொன்னார்: “ஒன் வயித்தெரிச்சல் எனக்குத் தெரியாதா? ஆனா முத்துப் போடுறவளும் அவதான், எறக்குறவளும் அவதான். அவளுக்கே தழும்பு வச்சுப்புட்டா நாங்க யாருகிட்டப்பா போயி நிக்கிறது?”

அந்த நேரத்தில் கைக்குழந்தையோடு நின்ற ஒருத்தி மேலே பார்த்துவிட்டு, சட்டென்று பிள்ளையின் முகத்தை முந்தானையால் மூடினாள். ஊருக்குப் பயந்து பணிந்தார் என்று இன்றைக்கும் சிலர் சொல்வார்கள். அது பொய். அவள் மூடியதைப் பார்த்துத்தான் அவர் சாரத்தில் ஏறினார்.

“கொஞ்சம் சாந்து குடு புள்ள.”

பொன்னுத்தாய் சட்டியோடு தானும் ஏறி வந்தாள். அத்தனை நாளும் அவள் அந்த முகத்தைக் கிட்டத்தில் பார்த்ததில்லை. ஒவ்வொரு பள்ளத்திலும் விரலை வைத்துப் பார்த்தாள்.

“நம்ம புள்ளதானே?”

“ஆமா. இத மூடிட்டா இல்லாமப் போயிருவா.”

“போக மாட்டா. ஆறிரும். நீங்க பூசுங்க.”

அவர் பூச்சுக் கரண்டியைத் தொடவில்லை. கட்டைவிரலால் சாந்தை எடுத்து ஒவ்வொன்றாக நிரப்பித் தேய்த்தார். கன்னம் வழவழவென்று ஆனது. கீழே இருந்தவர்கள் கையெடுத்துக் கும்பிட்டார்கள். அவருக்கு ஒன்றும் தோன்றவில்லை.

புதுச் சாந்துக்குத் தண்ணீர் காட்ட வேண்டும், இல்லாவிட்டால் வெடித்துவிடும். மறுநாள் காலையில் பொன்னுத்தாய் ஒரு குடத்தைச் சுமந்துகொண்டு, பெரியண்ணன் இருந்த சாரத்தில் ஏறினாள். தண்ணீரில் மஞ்சள் கரைத்து வேப்பிலை போட்டிருந்தாள். அம்மை இறங்கிய பிள்ளைக்குத் தலைக்கு ஊற்றுகிற தண்ணீர் அது.

“நம்ம புள்ளைக்குத்தான் ஊத்தக் குடுத்து வைக்கலையே,” என்றாள்.

மஞ்சள் பட்டால் சுண்ணாம்பு சிவந்துவிடும் என்று பெரியண்ணனுக்குத் தெரியும். அதைச் சொல்லத்தான் வாயைத் திறந்தார்.

“பச்சத் தண்ணியாவா ஊத்தப் போற?” என்று கேட்டுவிட்டார்.

“இல்லீங்க. வெதுவெதுன்னுதான் இருக்கு.”

அவர் குடத்துக்குள் கையை விட்டுப் பார்த்தார். பிள்ளைக்குத் தாங்குகிற சூடுதான். அப்போதுதான் அவருக்கு அழுகை வந்தது.