எண்ணெய் பிரியாத கறி

துபாய் அல் கூஸ் கிடங்கில் எனக்கு மேலாளராக இருந்த வெள்ளைக்காரர் வேலையை விட்டுப் போகும்போது, வீட்டு ஃப்ரீசரைக் காலி செய்து எனக்கு ஒரு மான் தொடையைக் கொடுத்தார். நியூசிலாந்துப் பண்ணை மான். அட்டைப்பெட்டியில் ஹலால் முத்திரையும் இருந்தது.

அஜ்மான் அறையில் அப்போது நான் மட்டும்தான். உடன் இருந்த மூவரில் இருவர் கத்தாருக்குப் போய்விட்டார்கள். மூன்றாமவர் காயல்பட்டினத்துக்காரர், மனைவி வந்ததும் ஷார்ஜாவில் கடைக்குப் பக்கத்திலேயே வீடு பார்த்துக்கொண்டார். அவரைச் சாப்பிடக் கூப்பிட ஆறு மாதமாகக் காரணம் தேடிக்கொண்டிருந்தேன். என் சாம்பாரைப் பற்றி அவருக்கு ஏற்கெனவே தெரியும்.

“பாய், மான் கறி இருக்கு. வெள்ளிக்கிழமை வாங்க.”

“மானா? மெல்லப் பேசுங்கண்ணே, உள்ள தூக்கி வச்சிடுவானுவ!”

“அது நம்மூர்ல. இது பெட்டியில வந்த மான்.”

“அப்ப ஜும்ஆ முடிஞ்சதும் வந்துடுறேன்.”

அறையில் இருந்த புத்தகங்களைப் புரட்டினேன். மானைப் பாடியவர்கள் எல்லோரும் கண்ணோடு நின்றுவிட்டார்கள். தொடை வரை யாரும் வரவில்லை. ஆகவே பாதிக் கறியை ஆட்டுக்கறி போலவே வதக்கி, எண்ணெய் பிரியட்டும் என்று காத்திருந்தேன். பிரியவில்லை. இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று ஒன்றரை மணி நேரம் கிளறினேன். மானுக்குக் கொழுப்பே கிடையாது என்பது கறி தேங்காய் நாராக மாறிய பிறகுதான் உறைத்தது. அந்த நேரத்தில் பாய் போன் செய்து, கடையில் சரக்கு இறங்குகிறது, வரமுடியாது என்றார். அன்றைக்கு மட்டும் அவர் வராதது நிம்மதியாக இருந்தது.

மீதிப் பாதியிலும் ஐஸ் இளகிவிட்டது. என் குட்டி ஃபிரிட்ஜை நம்பி ஒரு வாரம் வைக்க முடியாது. உப்புக்கண்டம் போட முடிவு செய்தேன். நீளவாக்கில் அரிந்து, உப்பு, மஞ்சள், மிளகாய்த்தூள் பிசறி, நூலில் கோத்து மொட்டைமாடியில் கட்டினேன். ஆகஸ்ட் மாதக் கடல் ஈரத்தில், கட்டியதைவிட நனைந்து இறங்கியது. பிறகு அறையில் ஏசிக்கு முன்னால் தொங்கவிட்டேன். நான்கு நாள் அதுவும் நானும் ஒரே காற்றில் வறண்டோம்.

இரண்டாவது வெள்ளி, பாயின் பிள்ளைக்குக் காய்ச்சல். மூன்றாவது வெள்ளி இரண்டு மணி வரை போனே இல்லை. பதம் பார்க்கலாம் என்று ஒரு துண்டை எண்ணெயில் போட்டு, நிறம் மாறியதும் எடுத்தேன். அவ்வளவுதான் அதற்கு வேண்டியிருந்தது. பிரமாதம். சொல்ல ஆள் இல்லாததால் இன்னொன்று பொரித்தேன். மூன்று மணிக்கு வெறும் நூல்தான் மிச்சம்.

அப்போது போன் அடித்தது.

“அண்ணே, கோவிச்சுக்காதீங்க. அடுத்த வெள்ளி கண்டிப்பா. மான் இருக்குதா, தீர்ந்துட்டா?”

வாயில் இருந்ததை விழுங்கினேன்.

“உங்களுக்குன்னு எடுத்து வச்சிருக்கேன் பாய்.”

அன்று மாலையே ஒரு ஆட்டுத் தொடை வாங்கிவந்து, கொழுப்பை மட்டும் கவனமாகச் சுரண்டி எடுத்துவிட்டு, நூலில் கோக்க உட்கார்ந்தேன்.