கண்டதோ, கேட்டதோ

குளத்தில் தண்ணீர் இருக்கிறது, கடைசி வயல் வரைக்கும் வரும் என்று நான் சொன்னேன். நானே போய்ப் பார்த்தேன் என்றும் சொன்னேன். முதலாவது என் கணக்கு. அது பிழையாகிப் போனது. இரண்டாவது பொய். கணக்கை எப்போதோ மன்னித்துவிட்டேன். பொய்யை மன்னிக்கவில்லை. எழுதி முடிக்காமல் எழுந்திருப்பதில்லை என்று இன்று உட்கார்ந்திருக்கிறேன்.

யுத்த காலத்தில் நான் நீர்ப்பாசனக் கந்தோரில் வேலை பார்த்தேன். வீடு புளியந்தீவில். என் பொறுப்பில் இருந்த குளமும் அதன் தண்ணீரில் விளையும் வயல்வெளியான வட்டையும் வாவிக்கு மேற்கே, படுவான்கரையில். ஆட்களையும் சைக்கிள்களையும் அக்கரைக்கு ஏற்றிப் போகும் மிதவையை நாங்கள் பாதை என்போம். இக்கரையில் இராணுவம், அக்கரையில் இயக்கம். இரண்டுக்கும் நடுவே பாதையில் நின்றுகொண்டு சனங்கள் ஒருவருக்கொருவர் செய்தி சொல்வார்கள். அங்கே யாரும் எதையும் சும்மா நம்புவதில்லை. எந்தச் செய்தி வந்தாலும் முதலில் ஒரு கேள்வி கேட்பார்கள்.

"பெரிய சந்தியில ஆமிக்காரன் நிக்கான். ஆக்கள மறிக்கான்."

"கண்டதோ, கேட்டதோ?"

"கேட்டதுதான்."

"அப்ப ஏறு, போவம்."

கண்டது என்றால் பயணம் நிற்கும். கேட்டது என்றால் யோசிக்கலாம். ஒருவர் தன் செய்திக்கு எவ்வளவு பொறுப்பு நிற்கிறார் என்று தெரிந்த பிறகுதான் மற்றவர்கள் காலை எடுத்து வைப்பார்கள். சிரிப்புக்கும் அந்தக் கேள்வி வரும். ஒருமுறை ஒருவர் தன் மாமி செத்துப்போனதாகச் சொல்லிக்கொண்டு அவசரமாக ஏறினார். துணி மூட்டையோடு நின்ற காத்தான்குடி முஸ்லிம் வியாபாரி, அண்ணன் முறை வைத்து, "கண்டதோ காக்கா, கேட்டதோ?" என்றார். "கேட்டதுதான். ஆனா நம்பத்தான் விருப்பம்" என்றார் இவர். பாதையே ஆடும்படி சிரித்தார்கள்.

அந்தக் கேள்வியை என்னிடம் மட்டும் யாரும் கேட்டதில்லை. நான் படித்தவன், கந்தோர்காரன், கால்சட்டை போட்டவன். நான் வாயைத் திறந்தால் அது கண்டதாகவே எடுத்துக்கொள்ளப்பட்டது. அந்த மரியாதையை நான் விரும்பினேன். அது எனக்குத் தரப்பட்ட கடன் என்று அப்போது எனக்குத் தோன்றவில்லை.

மாரி முடிந்து குளத்து நீரில் செய்யும் சிறுபோகத்துக்கு முன் கமக்காரர்கள் கூடி, குளத்தில் இருக்கும் தண்ணீருக்கு ஏற்ப எவ்வளவு விதைப்பது என்று முடிவு செய்வார்கள். தண்ணீர் அளவைச் சொல்வது என் வேலை. அந்த வருடம் கூட்டத்துக்கு முந்திய நாள் குளத்தைப் பார்க்கப் புறப்பட்டேன். பாதி வழியில் ஷெல் சத்தம் கேட்டது. சைக்கிளை ஒரு தேநீர்க் கடையில் சாத்திவிட்டுக் காத்திருந்தேன். சத்தம் நிற்கவில்லை. காட்டுப் பக்கம் போக எனக்குத் துணிவு வரவில்லை, திரும்பிவிட்டேன். பயந்ததைப் பற்றி எனக்கு வெட்கம் இல்லை. அன்று எல்லோரும்தான் பயந்தார்கள். மாரி மழை நன்றாகப் பெய்திருந்தது, போன தடவை பார்த்த மட்டமும் நினைவில் இருந்தது. இரண்டையும் வைத்து இரவில் ஒரு கணக்குப் போட்டேன். முழு வட்டைக்கும் தண்ணீர் போதும் என்று வந்தது.

மறுநாள் கூட்டம் பாடசாலையில் நடந்தது. பிள்ளைகளின் வாங்குப் பலகைகளில் முழங்கால் இடிக்க இடிக்கப் பெரியவர்கள் இருந்தார்கள். வயல்களைப் பார்த்துக்கொள்ளும் வட்டை விதானையார் என்னை முன்னுக்கு அழைத்தார். நான் தண்ணீர் போதும் என்றேன். எல்லோர் முகத்திலும் வெளிச்சம் வந்தது. ஒரு பெண் மட்டும் எழுந்து நின்றாள். புருசன் இல்லாதவள், இரண்டு பெண் பிள்ளைகள். அவளுடைய வயல் வாய்க்கால் முடிகிற இடத்தில் இருந்தது. தண்ணீர் குறைந்தால் முதலில் காய்வது அதுதான்.

"ஐயா, கோவிக்காதீங்க. என்னட்ட இரிக்கிறது ரெண்டு மூட்டை நெல்லு. விதைச்சா திங்க இல்ல, திண்டா விதைக்க இல்ல. என்ட வயல் மட்டுக்கும் வருமா?"

பின்னால் ஒருவர் முணுமுணுத்தார்: "ஐயா சொன்ன பிறகும் என்னகா கேள்வி?"

அப்போது, "என் கணக்குப்படி வரும் தங்கச்சி, ஆனால் நான் போய்ப் பார்க்கவில்லை" என்று சொல்லியிருக்கலாம். அவ்வளவுதான் வேண்டியிருந்தது. அவள் ஒரு மூட்டையை விதைத்து ஒரு மூட்டையை வைத்திருப்பாள். அல்லது வயலைச் சும்மா விட்டிருப்பாள். ஆனால் அத்தனை பேர் முன்னால் பாதி வழியில் திரும்பிய கதையைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

"வரும். நேற்று நானே போய்ப் பார்த்தேன்" என்றேன்.

அவள் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு உட்கார்ந்தாள். இரண்டு மூட்டையையும் விதைத்தாள்.

பயிர் கதிர் தள்ளுவதற்கு முந்திய குடலைப் பருவத்துக்கு வந்தபோது வாய்க்காலின் கடைசிக்குத் தண்ணீர் வருவது நின்றுபோனது. கதிர் வெளியே வராமல் தாளோடு காய்ந்தது. தண்ணீர் இருக்கிறது என்று ஐயா பார்த்துச் சொல்லியிருக்கிறார்; அப்படியானால் நடுவில் யாரோ களவெடுக்கிறார்கள் என்று பேச்சு வந்தது. மேல் வயல்காரர் ஒருவர்மேல் பழி விழுந்தது. அவர் அவளுக்கு மச்சான் முறை. அவருடைய வயல் மட்டும் பச்சையாக நின்றது. மேலே இருந்ததால் நின்றது, வேறு காரணம் இல்லை. "நான் வாய்க்கால வெட்டல்ல" என்று அவர் கோயிலில் நின்று சொன்னார். யாரும் கேட்கவில்லை. என் பொய்யை நம்பிய அதே ஆட்கள்தான் அவருடைய உண்மையை நம்பவில்லை. ஒன்றை நம்பினால் மற்றதை நம்ப முடியாது அல்லவா?

நான் பேசாமல் இருந்தேன். ஒருநாள் பாதையில் அவளைக் கண்டேன். இளைய மகள் கையில் சட்டைத் துணிப் பையோடு நின்றாள்.

"எங்க தங்கச்சி?"

"கதிரவெளிக்கு ஐயா. அங்க என்ட அக்கா இரிக்கா, கடல் பக்கம். இவளாவது மீனத் திண்டு கிடக்கட்டும்."

"எத்தன நாளைக்கு?"

"நெல்லு வாற மட்டுக்கும்." பிறகு குரலைத் தாழ்த்தினாள். "என்ட மச்சான் செய்த வேல. வாற கிழமை கூட்டம் வைக்காங்க. மறுகா இயக்கத்துக்குச் சொல்லுவம். அவங்க விசாரிக்கட்டும்."

விசாரணைக்குப் போனவர்களில் எத்தனை பேர் திரும்பினார்கள் என்று அந்தக் காலத்து ஆட்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. பாதை இக்கரையில் முட்டியது. பிள்ளை இறங்கித் தாயின் பின்னால் நடந்து போனாள். பாதை திரும்பியபோது நான் இறங்காமல் அதிலேயே நின்றுகொண்டிருந்தேன். கூட்டத்துக்கு முன் குளத்துக்குப் போவது, பார்ப்பது, கண்டதைச் சொல்வது என்று அங்கே முடிவு செய்தேன்.

அந்தக் கிழமையும் ஷெல் சத்தம் இருந்தது. தேநீர்க் கடைக்காரர், "ஐயா, அங்கால போறது சரியில்ல" என்றார். கண்டதோ கேட்டதோ என்று நான் கேட்கவில்லை. போனேன். குளக்கட்டில் ஏறி, தண்ணீரைத் திறந்துவிடும் துருசு வரைக்கும் நடந்தேன். துருசுக்குப் பக்கத்தில் கட்டின் அடி அரித்து, தண்ணீர் வாய்க்காலுக்குப் போகாமல் காட்டுப் பள்ளத்துக்குள் ஓடிக்கொண்டிருந்தது. ஓடின வழியெல்லாம் ஈரத்தில் முளைக்கும் பன்புல் இடுப்பளவு வளர்ந்து நின்றது. அவ்வளவு புல் வளர மாதக்கணக்காகும். அன்று பயந்து திரும்பாமல் வந்திருந்தால் கண்டிருப்பேன். பயந்து திரும்பியதைச் சொல்லியிருந்தாலும் வேறு யாராவது வந்து கண்டிருப்பார்கள்.

கூட்டத்தில் விதானையார் பேசத் தொடங்குமுன் எழுந்தேன். "அன்று நான் குளத்தைப் பார்க்கவில்லை. பார்த்தேன் என்று சொன்னது பொய். நேற்றுத்தான் போய்ப் பார்த்தேன். கட்டு அரித்திருக்கிறது. தண்ணீர் காட்டுக்குள் போகிறது. இவர் வெட்டவில்லை" என்றேன்.

 அவள் எழுந்தாள்.

"கண்டதோ ஐயா, கேட்டதோ?"

யாரும் சிரிக்கவில்லை.

"கண்டது."

"அண்டைக்கும் கண்டதெண்டுதானே சொன்னீங்க?"

 என் வாழ்நாளில் அந்தச் சொல்லை அவ்வளவு உண்மையாக நான் சொன்னதில்லை. அன்றுதான் அது செல்லாமல் போனது.

"அவர் இப்ப மேல்வயல்காரனுக்குப் பறையிறார்" என்று ஒருவர் கத்தினார். "காசு கை மாறியிரிக்கும்" என்றார் இன்னொருவர். மேல் வயல்காரர் தலையைப் பிடித்துக்கொண்டு இருந்தார். நான் அவர் பக்கம் பேசியதே அவருக்குக் கேடாகிவிட்டது.

"என்னை நம்ப வேணாம். வந்து பாருங்க. இப்பவே போவம்" என்றேன்.

"ஷெல் அடிக்கான்" என்றார் விதானையார்.

"அடிக்கட்டும்" என்றாள் அவள். "நான் போறன். மச்சானும் வரட்டும்."

நாலு பேர் போனோம். அவள், மேல் வயல்காரர், விதானையார், நான்.  துருசடியில் அவள் சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு பன்புல்லுக்குள் இறங்கினாள். தண்ணீர் கணுக்காலுக்கு மேல் ஓடியது. கையை விட்டு அளைந்து பார்த்தாள். மேல் வயல்காரர் குந்தியிருந்து முகத்தைக் கழுவினார், கழுவிக்கொண்டே இருந்தார்.

"நீ வெட்டல்ல எண்டு சொல்லக்குள்ள நான் கேக்கல்ல மச்சான்" என்றாள்.

"இப்ப கண்டுட்டாய்தானே. விடு மச்சாள்."

பிறகு என்னைப் பார்த்தாள். ஏசுவாள் என்று காத்திருந்தேன். ஏசியிருந்தால் வாங்கிக்கொண்டு போயிருப்பேன்.

"ஐயா, என்ட சின்னவள் கதிரவெளியில இரிக்காள்" என்றாள்.

அது எனக்குத் தெரிந்த செய்திதான். நானும் நின்ற பாதையில் போன பிள்ளைதான். இருந்தும் அவள் அதை எனக்குச் சொன்னாள். 

குளக்கட்டைத் திருத்தினோம். இயக்கத்துக்கு முறைப்பாடு போகவில்லை. நடந்ததைக் கந்தோரில் சொன்னேன். அந்த நாட்களில் படுவான்கரைக்குப் போக வேறு ஆள் இல்லாததால் என்னையே வைத்துக்கொண்டார்கள். அதன் பிறகு ஒவ்வொரு கூட்டத்திலும் நான் தண்ணீர் அளவைச் சொன்னதும் அவள் எழுந்து அதே கேள்வியைக் கேட்பாள். கண்டதென்றால் கண்டது என்பேன். போக முடியாமல் போன வருடங்களில், "காணல்ல, கணக்குத்தான்" என்பேன். அந்த வருடங்களில் பாதி வட்டைதான் விதைத்தார்கள். அவள் அந்தக் கேள்வியை ஒருமுறையாவது கேட்காமல் விட்டால் நன்றாக இருக்குமே என்று முதலில் நினைத்தேன். பிறகு, அவள் கேட்க மறந்த ஒரு கூட்டத்தில், கண்டதா கணக்கா என்று நானே சொன்னேன்.

சின்னவள் நெல் வந்த பிறகும் திரும்பவில்லை. முதலில் வழி பூட்டியிருந்தது. பிறகு பெரியம்மாவின் வீடே அவளுக்கு வீடாகிவிட்டது என்று தாய் சொன்னாள். பாதையில் பையோடு போனதற்குப் பிறகு நான் அவளைக் கண்டதில்லை. அவளைப் பற்றிப் பலரும் பலதும் சொன்னார்கள். அவை கேட்டவை. இங்கே எழுதமாட்டேன்.