ஈயத்தாளில் பிடித்த வெயில்

அறுபதுகளின் பிற்பகுதி. ரத்தோட்டைக்கு மேலே, ரிவர்ஸ்டன் போகிற வழியில் ஒரு தேயிலைத் தோட்டத்தில் நான் மருத்துவச்சியாக இருந்தேன். அப்போது கொழும்பிலிருந்து நாலைந்து பேர் சிங்களப் படம் எடுக்க வந்தார்கள்.

படம் எடுப்பதென்றால் பெரிய பெரிய விளக்கெல்லாம் வரும் என்று நினைத்து வேடிக்கை பார்க்கப் போனேன். ஒன்றுமே இல்லை. கேமராக்காரர் ஒல்லியான மனிதர். தேயிலைப் பெட்டிக்குள் ஒட்டுகிற ஈயத்தாளைத் தோட்டத்துப் பெக்டரியில் கேட்டு வாங்கி, ஒரு பலகையில் ஒட்டி வைத்திருந்தார். அதில் வெயிலைப் பிடித்து ஒரு வெள்ளைச் சீலையில் விழ வைப்பார். சீலையிலிருந்து திரும்பும் வெளிச்சத்தில்தான் நடிகையைப் படம் பிடிப்பார். அதுவும் பாதி முகம்தான் தெரியும், மீதி இருட்டிலேயே கிடக்கும். எனக்குச் சிங்களம் வரும்; ஏன் இப்படி என்று கேட்டேன். முன்பு பெரிய ஸ்டூடியோவில் வேலை பார்த்தவராம். அங்கே அழுகிறவள் முகமும் சிரிக்கிறவள் முகமும் சுண்ணாம்பு அடித்தது போல ஒரே மாதிரி இருந்ததாம். பிடிக்காமல் வந்துவிட்டாராம்.

ஒரு நாள் பகல், தொழிலாளர்கள் வரிசையாகக் குடியிருக்கும் லயத்தில் ஒரு பெண்ணுக்குப் பிரசவம் பார்த்தேன். பிள்ளை நல்லபடியாகப் பிறந்தது. தாய்க்குத்தான் ரத்தம் நிற்கவில்லை. ஜன்னல் இல்லாத காம்பரா, புகையேறிய சுவர். மண்ணெண்ணெய் விளக்கை எவ்வளவு கிட்டே கொண்டுபோயும் ரத்தம் எங்கிருந்து வருகிறதென்று தெரியவில்லை. வெளிச்சம் வேண்டும் என்று வாசலில் நின்ற அவள் புருஷனிடம் கத்தினேன். அவன் ஓடிப்போய், லயத்து முற்றத்தில் படம் எடுத்துக்கொண்டிருந்த அந்தக் கேமராக்காரரைப் பலகையோடும் சீலையோடும் கூட்டி வந்தான்.

அவர் உள்ளே வரவில்லை. வெள்ளைச் சீலையைக் கொடுத்துப் பின்சுவரில் கட்டச் சொன்னார். வாசலில் பலகையைச் சாய்த்துப் பிடித்தபடி முகத்தை மலைப்பக்கம் திருப்பிக்கொண்டார்.

"நான் பார்க்க மாட்டேன், நோனா. எந்தப் பக்கம்னு நீங்க சொல்லுங்க."

மேலே, கொஞ்சம் இடது, அங்கேயே என்று நான் சொல்லச் சொல்லப் பலகை அசைந்தது. சீலை பளிச்சென்றாகி, காம்பரா முழுக்கக் கண் கூசாத வெளிச்சம் பரவியது. கிழிந்த இடம் தெரிந்தது. துணி வைத்து அழுத்திப் பிடித்தேன். மலையில் பனிமூட்டம் இறங்குகிறது, சீக்கிரம் என்றார் வெளியிலிருந்து. அது வந்து வெயிலை மூடியபோது ரத்தம் கட்டுப்பட்டிருந்தது. தோட்டத்து லொறியில் மாத்தளை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். தாயும் பிள்ளையும் பிழைத்தார்கள்.

அவரோடு வந்தவர்களில் ஒருவர், அவ்வளவு அருமையான வெளிச்சத்தைப் படமாக்காமல் விட்டோமே என்று பிறகு ஆதங்கப்பட்டார். கேமரா முற்றத்திலேயேதான் இருந்தது. ஏன் எடுக்கவில்லை என்று நானும் கேமராக்காரரைக் கேட்டேன்.

"கேமராவைத் தூக்கணும்னா பலகையைக் கீழ வைக்கணுமே, நோனா" என்றார்.

அந்தப் படம் மாத்தளையில் அதிக நாள் ஓடவில்லை. நான் பார்க்கப் போனபோது, ஒரே இருட்டு என்று தியேட்டரில் என் பின்னால் இருந்தவர்கள் முணுமுணுத்தார்கள். அவர் அதற்குப் பிறகும் அதே மாதிரி ஒன்றிரண்டு படம் எடுத்ததாகக் கேள்வி. உதவிக்கு வருகிறவர் எல்லாவற்றையும் பார்க்க வேண்டும் என்பதில்லை, முகத்தைத் திருப்பிக்கொண்டும் ஓர் உயிரைக் காப்பாற்றலாம் என்பதை நான் அந்த மனிதரிடம்தான் தெரிந்துகொண்டேன்.