இன்னொரு குத்து

ஜப்பான்காரன் காலத்தில் பினாங்கில் அவன் ஆட்கள் உள்ளே நுழையப் பயந்த ஒரே இடம் எங்கள் தீவுதான். தொழுநோயாளிகளைக் கொண்டுவந்து தள்ளிய தீவு. அரிசிப் படகு நின்றுபோய், மரவள்ளிக்கிழங்கைத் தின்று கிடந்தோம். இருந்தாலும் சயாம் ரயில்பாதை வேலைக்கு எங்களை யாரும் பிடித்துப் போகவில்லை. பெரிய பாக்கியம்!

அந்தப் பாக்கியத்தில் பங்கு கேட்டு என் அண்ணன் வந்தான். நான் இங்கே தள்ளப்பட்ட ஆறு வருஷமாக எட்டிப் பார்க்காதவன், எதிர்க்கரை பாயான் லெப்பாஸ் மீன்காரன் ஒருவனின் சம்பான் படகில் வந்து இறங்கினான். தோளில் சுண்ணாம்பு வைத்துப் பொசுக்கி, வெளுத்த திட்டு ஒன்றை உண்டாக்கியிருந்தான். டவுனில் ரயில்பாதைக்குத் தெருவோடு ஆள் பிடிக்கிறார்களாம்.

"எனக்கும் வியாதின்னு சொல்லிடு தம்பி. நீ சொன்னா நம்புவாங்க லா."

சொல்கிறேன் என்றேன். புண்ணுக்குக் கட்டுப்போடும் டிரஸ்ஸர் ஓடிப்போன பிறகு மருந்தறை என் பொறுப்பில் இருந்தது. புதிதாக வருகிறவனின் திட்டில் ஊசியால் குத்திப் பார்ப்பதும் நான்தான். வலி தெரியாவிட்டால் நோயாளி. அசையாமல் நிற்க அண்ணனைப் பழக்கினேன். என் கிழங்கில் பாதியைக் கொடுத்தேன். மூன்றாம் நாள் அதைத் தின்றுகொண்டே சொன்னான்:

"அக்கா கல்யாணம் தட்டிக்கிட்டே போச்சுடா. நீ செத்துட்டேன்னு சொல்லி கருமாதி பண்ணிட்டேன். அம்மாவும் அப்படித்தான் நம்பிக்கிட்டு இருக்கு. தப்பா எடுத்துக்காத."

கிழங்கில் உப்புக் குறைவு என்பதுபோலச் சொன்னான். என் பாதிக் கிழங்கை அப்படியே போட்டுவிட்டு எழுந்துபோனேன்.

மறுநாள் காலை இரண்டு சிப்பாய்களும், மூக்கில் துணி கட்டிய ஒரு தமிழ் மொழிபெயர்ப்பாளனும் படகுத்துறையில் வந்து நின்றார்கள். புது ஆள் வந்திருப்பதை யாரோ சொல்லிவிட்டார்கள். எவனும் கிட்டே வரவில்லை. என்னையே குத்திக் காட்டச் சொன்னார்கள். லேசாகக் குத்தினேன். அண்ணன் கடலைப் பார்த்தபடி அப்படியே நின்றான்.

"சரி, போதும் லா," என்றான் மொழிபெயர்ப்பாளன். சிப்பாய்கள் படகுப் பக்கம் திரும்பிவிட்டார்கள்.

"இன்னொரு குத்து குத்திப் பாத்துடுறேன் ஐயா," என்றேன். யாரும் கேட்கவில்லை. நானாகத்தான் சொன்னேன்.

பொசுங்கிய புண்ணுக்குள் ஊசியை முழுக்க இறக்கினேன். "அம்மா!" என்று அலறினான். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அதை மறைத்து இப்போது என்ன ஆகப்போகிறது?

அவர்கள் துப்பாக்கிக் கட்டையால் இடித்துப் படகில் ஏற்றினார்கள். அவன் என்னைத் திட்டவே இல்லை. அவர்கள் சந்தேகம் தீரட்டும் என்றுதான் மறுபடி குத்தினேன் என நினைத்துக்கொண்டான் போலிருக்கிறது.

"வருத்தப்படாத தம்பி, நீ எனக்காகத்தானே செஞ்ச. நான்தான் தாங்காமப் போயிட்டேன்," என்றான்.

சயாமிலிருந்து அவன் திரும்பவில்லை.