செவ்வந்தி போட்ட முடிச்சு

என் அக்கா செவ்வந்தி தன் உடலையே படைப்பின் பகுதியாக்கி மக்கள் முன் நிகழ்த்துகிற கலைஞர். எங்கள் மீனவர் ஊரான லைட்ஹவுஸ் குப்பத்தில் அந்த வேலைக்குப் பெயர் கிடையாது. "உங்க அக்கா டிராமாவுல கீறாளா?" என்றுதான் கேட்பார்கள்.

மூன்று வருடம் முன்பு கடலுக்குப் போன எங்கள் நைனா திரும்பவில்லை. ஃபைபர் படகு மட்டும் கரை ஒதுங்கியது. உடல் கிடைக்காததால் அம்மா கஸ்தூரியம்மாள் காரியம் செய்ய விடவில்லை. பொட்டும் தாலியும் அப்படியே இருந்தன. "ஆந்திரா பக்கம் எங்கனா கரையேறியிருப்பாரு" என்பாள்.

அக்கா அந்தக் காத்திருப்பைத்தான் சென்னையில் ஒரு கண்காட்சிக் கூடத்தில் வைத்தாள். சுவரில் நைனாவின் பெரிய படம். தரை முழுக்க அவருடைய வலை. அக்கா அவர் சட்டையைப் போட்டுக்கொண்டு, படத்துக்கு முதுகு காட்டி உட்கார்ந்து, நாள் முழுக்க வலையின் பொத்தல்களைக் கட்டுவாள். வருபவர்கள் தாங்கள் எதிர்பார்த்திருக்கும் ஒருவரின் பெயரைச் சொல்ல வேண்டும். அவள் பேசமாட்டாள், தலையைக் குனிந்து ஒரு முடிச்சுப் போடுவாள். அதுதான் விதி.

"வலை கட்றதப் பாக்க ஆளு வருதா? இங்க வந்தா ஓசியில காட்டுவனே" என்று அம்மா சிரித்தாள். ஆனாலும் நான்காம் நாள் என்னோடு ரயில் ஏறினாள்.

அன்று காலை, அக்கா உட்கார்ந்த பிறகு, கூடத்தில் யாரோ நல்ல மனதோடு படத்துக்கு மாலை போட்டு விளக்கேற்றியிருந்தார்கள். அவள் திரும்பவே இல்லை.

வாசலில் பையைக் கொடுத்து நான் டோக்கன் வாங்குவதற்குள் அம்மா உள்ளே போய்விட்டாள். குரல் மட்டும் கேட்டது.

"இன்னாடி செவ்வந்தி இது? அங்கமுத்து போய்ட்டாரா? நீ சொல்லு, நம்பறேன்."

அம்மா தன் வாழ்நாளில் நைனாவின் பெயரைச் சொல்லி நான் கேட்டதில்லை. அவளும் எல்லோரையும்போல அழுதுகொண்டே பெயர் சொல்வதாக அக்கா நினைத்தாள். தலையைக் குனிந்தாள். முடிச்சுப் போட்டாள்.

நான் ஓடிப் போனபோது அம்மா தாலியைக் கழற்றி வலைமேல் வைத்துக்கொண்டிருந்தாள். சுற்றி நின்றவர்கள் கைதட்டினார்கள். நிகழ்ச்சியில் இதுவும் சேர்த்தி என்று நினைத்துவிட்டார்கள். அந்தச் சத்தத்தில்தான் அக்கா திரும்பிப் படத்தைப் பார்த்தாள்.

"மாலய நான் போடலம்மா! எனக்கு ஒண்ணும் தெரியாதும்மா!"

"விடுடி. படிச்சவ நீ. தெரியாமயா தலயக் குனிஞ்ச?"

சாயங்காலம் குப்பத்துப் பெண்கள் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். மூன்று வருடமாக எழாத ஒப்பாரி அன்று எழுந்தது. நடுவில் அக்காவின் போன் அடித்தது. கண்காட்சிக் கூடத்திலிருந்து.

"மேடம், அந்த அம்மா நாளைக்கும் வருவாங்களா? நிறைய பேர் கேக்கறாங்க."

"இது சாவு வூடு சார்" என்று சொல்லி வைத்துவிட்டாள்.

பிறகு அம்மாவுக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். அம்மா எழுந்து, எதிரே இருந்த பெண்களோடு உட்கார்ந்துகொண்டாள்.