திரைக்குக் கீழே தெரிந்த கால்கள்

கண்ணுக்குத் தெரியாத ஜின் உண்டு என்று ஓதியிருக்கிறேன், ஆனால் அது நம் வீட்டுக் கூடத்தில் வந்து நிற்கும் என்று ஒருநாளும் நம்பினவள் இல்லை. யாராவது அந்தப் பேச்சை எடுத்தால் எழுந்து அடுப்பங்கரைக்குப் போய்விடுவேன். நீங்கள் நம்பாவிட்டாலும் எனக்கு வருத்தமில்லை.

வெள்ளைக்காரர்கள் நாட்டை விட்டுப் போய் ஐந்தாறு வருஷம் இருக்கும். பழவேற்காட்டில் எங்கள் வீட்டு முன்னறையில் ஒரு இங்கிலீஷ் தொரை வந்து தங்கினார். பழங்காலத்துக் கொலைகளை வைத்துக் கதைப் புஸ்தகம் எழுதுகிறவராம். டச்சுக்காரர்கள் காலத்தில் எஜமானுக்கு விஷம் வைத்தாள் என்று எங்கள் ஊரில் ஒரு சமையல்காரியைத் தூக்கில் போட்டார்களாம், அந்தக் கதையை எழுதத்தான் வந்திருந்தார். "அவளுக்கு விஷம் எங்கே கிடைத்தது என்பதுதான் விளங்கவில்லை" என்று என் வீட்டுக்காரரிடம் புஸ்தகத் தமிழில் சொல்லிக்கொண்டே இருப்பார்.

நான் அந்நிய ஆண் முன்னால் வரமாட்டேன். கூடத்துக்கும் அடுப்பங்கரைக்கும் நடுவில் ஒரு திரை, அதற்கடியில் கையை விட்டுத் தட்டைத் தள்ளிவிடுவேன்.

தலை இல்லாத மீனை எங்கள் வீட்டில் வாங்குவதில்லை. அன்று நாத்தனார் மைமூன், வேலை மிச்சம் என்று, தோலுரித்துத் துண்டு போட்டதையே வாங்கி வந்துவிட்டாள்.

"இன்னா மீன்டி இது?"

"யாருக்குத் தெரியும் அண்ணி? மீனும் வெள்ளையா கீது, தொரையும் வெள்ளையா கீறாரு, ஒத்துப்போவும்."

நானும் சிரித்துக்கொண்டே குழம்பு வைத்தேன்.

விருந்தாளி சாப்பிட்ட பிறகுதான் நாங்கள் தொடுவோம். தட்டைத் தள்ளியதும் திரைக்கு அந்தப் பக்கம் இரண்டு பெண் கால்கள் தெரிந்தன. மைமூன்தான் வெட்கமில்லாமல் போகிறாள் என்று திரும்பினால், அவள் என் பின்னால் வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கிறாள். அதற்குள் தட்டு விழுந்த சத்தம்.

"ஏன் அம்மா கவிழ்த்தீர்கள்?" என்று தொரை திரையைப் பார்த்துக் கேட்டார். வீட்டுக்காரர் ஓடி வந்தார்.

"அவ வெளியிலயே வர்லியே தொரை!"

"வந்தார். முக்காடு போட்டிருந்தார். 'இந்த வாட்டி வேணாம்' என்றார். வாட்டி என்றால் என்ன?"

"தடவைன்னு அர்த்தம்" என்று இவர் சொல்லிக்கொண்டிருக்கும்போதே, கொட்டின மீனைத் தின்ற பூனை பின்கால்களை இழுத்துக்கொண்டு போய்ச் சுருண்டு விழுந்தது.

இவர் ஒரு துண்டைக் கையில் எடுத்துப் பார்த்தார். "யா அல்லாஹ், பேத்தை மீனு!" அது ஆளைக் கொல்லும் நச்சு மீன், தலையும் தோலும் போய்விட்டால் அடையாளமே தெரியாது.

தொரை செத்திருந்தால் சமைத்தவள் நான், எனக்குத்தான் விலங்கு. யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை என்றதும் மைமூனைக் கட்டிக்கொண்டு சிரித்தேன், அழுதேன், மறுபடி சிரித்தேன். தொரை அந்த மீன் துண்டை வாங்கிப் பார்த்துவிட்டு, "அப்படியானால் தூக்கில் போட்ட அந்தச் சமையல்காரி விஷம் வைக்கவில்லை, மீனிலேயே இருந்திருக்கிறது" என்றார். புஸ்தகத்திலும் அப்படியே எழுதினாராம். எனக்கு அதுவும் ஒரு நிம்மதிதான்.

ஒன்றை மட்டும் நான் அவர்களிடம் சொல்லவில்லை. திரைக்கு அடியில் பார்த்தேனே அந்தக் கால்கள், அவற்றின் குதிகால் தரையில் படவே இல்லை. விரல்கள் எல்லாம் கீழே பார்த்துத் தொங்கிக்கொண்டிருந்தன.